மாடசாமிக்கு உத்தரவு வரவில்லை

ஒன்று

மலாய் நாட்டுத் துறைமுகப் பட்டினம் ஒன்றில் நீதிமன்ற மொழிபெயர்ப்பாளனாக இருக்கிறேன். பட்டினத்தின் பெயரை எழுதாமல் விடுகிறேன். அரசாங்க ஊழியன் உண்மையை எழுதலாம், முகவரியோடு எழுதலாகாது. சொந்த ஊர் ஆழ்வார்குறிச்சி என்பதை மறைக்க வேண்டியதில்லை. நான் வாய் திறந்தால் அது தானே வெளிப்பட்டுவிடும்.

சென்ற மாதம் ஆழ்வார்திருநகரியிலிருந்து ஒரு பெரியவர் கப்பலேறி வந்து எங்கள் தமிழ்ச் சபையில் சொற்பொழிவாற்றினார். பொருள், நம் நாட்டின் மேன்மை. கடல் கடந்து வந்தவர்களுக்கு இப்பொருளை எத்துணை நேரம் கேட்டாலும் சலிப்பதில்லை. அத்துணை மேன்மையுள்ள நாட்டை விட்டு ஏன் வந்தோம் என்று எவரும் எழுந்து கேட்பதுமில்லை. மேன்மைகளை ஒவ்வொன்றாக அடுக்கி வந்த பெரியவர், பித்தங் கொண்டவர்களிடம் வந்து நின்றார்.

"மேல்நாட்டார் சித்தங் கலங்கியவர்களை மதிலுக்குள் அடைத்து மறந்துவிடுகிறார்கள். நாமோ அவர்களைக் குடும்பத்துக்குள்ளேயே வைத்து, தெய்வத்தின் திருமுன் விட்டுப் பாதுகாக்கிறோம். திருநெல்வேலிச் சீமை முழுதும் தேடினாலும் ஒரு பித்தர்மனை காணக் கிடைக்குமா?"

சபை கைதட்டிற்று. நானும் தட்டினேன். நீதிமன்றத்தில் பல்லாண்டு நின்றவனுக்கு, பிறர் சொல்லுக்கு முகம் மாறாமல் இருப்பது பழக்கமாகிவிடுகிறது. கூட்டம் கலைந்தபின் பெரியவர் என் தோளைத் தட்டினார்.

"என்ன வே, பேச்சு எப்படி இருந்துச்சு?"

"நல்லா இருந்துச்சு. சங்கிலியைப் பத்தியும் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்."

"எந்தச் சங்கிலி வே?" என்றவர், தம் மார்பில் தொங்கிய கடிகாரச் சங்கிலியைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார்.

அது பத்திரமாகவே இருந்தது. மற்றச் சங்கிலியைப் பற்றி அவரிடம் பேச வாய்ப்பில்லாமற் போயிற்று. மறுநாட்காலை அவருக்கு வேறோர் ஊரில் வேறொரு மேன்மை காத்திருந்தது. ஆதலால் உங்களுக்கு எழுதுகிறேன்.

இரண்டு

அம்பாசமுத்திரத்துக்கு மேற்கே, பொருநை வளைந்து திரும்பும் இடத்தில் மருதமரங்கள் சூழ்ந்த கோயில் ஒன்றுண்டு. அங்கு உறையும் தெய்வத்தின் பெயரை எழுதேன்; தெய்வத்தோடு எனக்கு வழக்கொன்றுமில்லை. நான் இலக்கணம் பயின்ற நாள்களில் ஆற்றில் நீராட அவ்வழியே போவதுண்டு.

சித்தங் கலங்கியவர்களை உறவினர் அங்கே கொண்டுவந்து மருதமரத்தின் அடியில் சங்கிலியிட்டுப் பிணிப்பர். விடியலில் ஆற்றில் முக்குவர். பின்னர் வேப்பிலை; வேப்பிலைக்கு அடங்காதவர்க்குப் பிரம்பு. இது தண்டனையன்று, மருத்துவம் என்று பூசாரி சொல்லுவார். அடிபட்டவர்கள் என்ன சொல்லுவார்கள் என்பதற்குச் சான்றில்லை. அவர்கள் சொல்லுவது பித்தத்தின் சொல் என்று முன்னரே தீர்மானமாயிற்றே!

கட்டை அவிழ்ப்பதற்கு ஒரு முறையுண்டு. அதற்கு 'உத்தரவு' என்று பெயர். நோயாளியின் கனவிலோ, அவரோடு கோயிலில் தங்கும் உறவினரின் கனவிலோ தெய்வம் தோன்றி, 'போகலாம்' என்று சொல்ல வேண்டும். நோயாளியே கனவு கண்டதாகச் சொன்னால், அது மெய்க்கனவா பித்தக் கனவா என்ற ஐயம் எழும். உறவினர் கண்டால் ஐயமில்லை. எனவே ஒருவருடைய விடுதலை அவருடைய உறவினரின் உறக்கத்தைப் பொறுத்தது. அவர் பெயரில் நஞ்சை நிலம் இருந்து, அதனை உறவினர் பயிரிட்டு வந்தால், அவ்வுறவினருக்கு உறக்கம் எளிதில் வருவதில்லை. இது ஏன் என்பதை மருத்துவர்கள் ஆராய்தல் நன்று.

அங்கே பிணிக்கப்பட்டிருந்த ஒரு பெண்ணை இன்றும் மறக்கவில்லை. அழமாட்டார், கூவமாட்டார். போகிறவர் வருகிறவரிடமெல்லாம் ஒன்றையே கேட்பார்: "இன்னைக்கு என்ன கிழமை?"

ஒருநாள் கஞ்சி கொண்டுவந்த அவருடைய நாத்தனார் சொன்ன விடை என் செவியில் விழுந்தது. "கிழமை தெரிஞ்சு நீ என்ன சந்தைக்கா போவப் போற? வாயைத் தொற, கஞ்சியைக் குடி."

கிழமை தெரிவது பித்தத்தை மிகுவிக்கும் என்று எந்த வாகட நூலிலும் நான் படித்ததில்லை. ஆயினும் பாதுகாப்பு என்றால் அத்துணை கடுமையாகத்தான் இருக்க வேண்டும் போலும்.

மூன்று

இனி இவ்வூர்ச் செய்தி. நீதிமன்றப் பணியோடு, மாதத்தில் ஒருநாள் இங்குள்ள பித்தர்மனைக்கும் நான் போகவேண்டும். அங்கே யாழ்ப்பாணத்துத் தமிழர் ஒருவர் எழுத்தராக இருக்கிறார். அவரிருக்க மொழிபெயர்ப்பாளன் எதற்கென்று நீங்கள் கேட்கலாம். அவர் தமிழர், ஆனால் பிரமாணம் செய்யாத தமிழர். நான் உள்ளபடி மொழிபெயர்ப்பேனென்று நீதிமன்றத்தில் பிரமாணம் செய்த தமிழன். அரசாங்கம் இவ்விரு சாதியையும் கலப்பதில்லை.

பித்தர்மனை தூய்மையானது. சுவர்களுக்கு ஆண்டுதோறும் வெள்ளையடிக்கிறார்கள். சங்கிலியில்லை, பிரம்பில்லை, வேளைக்குச் சோறுண்டு. கிழமை கேட்டால் சொல்லுகிறார்கள். சுவரில் நாள்காட்டியே தொங்குகிறது, ஆங்கிலத்தில். உள்ளே வருவது எளிது. ஒரு காவலரும் ஒரு கையெழுத்தும் போதும். வெளியே போவதற்குத்தான் அறிவு தெளிந்திருக்க வேண்டும். அதுவும் ஆங்கிலத்தில் தெளிந்திருப்பது நலம்.

அங்கேதான் மாடசாமியைக் கண்டேன். களக்காட்டுக்காரர், தென்னந்தோட்டக் கூலியாக இங்கு வந்தவர். காய்ச்சல் ஒன்று கண்டு தெளிந்தபின், உறக்கமற்று, தென்னைகளெல்லாம் தம்மைப் பெயர் சொல்லி அழைப்பதாகக் கூவிக்கொண்டு திரிந்தார் என்று கங்காணி எழுதிக்கொடுத்திருந்தார். அது பொய்யன்று. முதன்முறை நான் போனபோது என்னையும் ஒரு தென்னையாகவே கொண்டு, "எறங்குதேன், எறங்குதேன், பைய விடு" என்று என் கையைப் பற்றிக்கொண்டு நடுங்கினார். நாளடைவில் அது தணிந்தது. உறங்கினார், உண்டார், காய்கறித் தோட்டத்தில் மண்வெட்டி பிடித்தார். நான் ஆழ்வார்குறிச்சி என்றறிந்தபின் அண்ணாச்சி என்று அழைக்கத் தொடங்கினார்.

மருத்துவர் வெள்ளையர், நல்லவர். நல்லவர் என்பதை ஏளனமாகச் சொல்லவில்லை. நோயாளியின் முகத்தைப் பார்த்துக் கேள்வி கேட்பார். விடை வரும்வரை காத்திருப்பார். ஒருநாள் அவர் கேட்டார்: "நீ தேறிவிட்டாய். ஊருக்குப் போகிறாயா?"

மொழிபெயர்த்தேன். மாடசாமி தலையைச் சொறிந்தார்.

"உத்தரவு வரலியே அண்ணாச்சி. வராம எப்படிப் போவுதது?"

ஒரு சொல்லும் குறையாமல் அதனை ஆங்கிலமாக்கினேன்.

"யாருடைய உத்தரவு?" என்றார் மருத்துவர்.

"சாமி உத்தரவுதான். வேற யாரு உத்தரவு?"

மருத்துவர் பேனாவை எடுத்தார். அவர் எழுதியதை நான் பார்க்கவில்லை, பார்க்கவும் வேண்டியதில்லை. அசரீரி கேட்கிறது, நோய் நீங்கவில்லை என்பதன்றி வேறென்ன எழுதுவார்?

நான் உடனே அம்மருதமரக் கோயிலின் முறைமையை விரித்துரைத்தேன். மாடசாமியிடம் கேட்டபோது, இங்கு வருவதற்குமுன் ஒருமுறை அதே கோயிலில் அவருடைய அண்ணன் அவரைக் கட்டிவைத்திருந்ததும், மூன்று அறுவடை கழிந்தபின்னரே அண்ணனுக்குக் கனவு வந்ததும் தெரியவந்தன. அதனையும் சொன்னேன். உத்தரவு வருமட்டும் இருப்பிடத்தை விட்டு அகலாமை எங்கள் பக்கத்தில் ஒழுக்கமேயன்றி நோயன்று என்று வாதித்தேன். எழுத்தர் மெல்லச் சிரித்தார்.

"ஐயா, உங்கட ஊரிலை முழுப்பேரும் உப்பிடித்தானோ?"

மருத்துவர் சிரிக்கவில்லை. நான் சொன்னதை மிகுந்த மரியாதையோடு கேட்டார். மொழிபெயர்ப்பாளன் மொழிபெயர்த்தால் போதும் என்பதையும் அதே மரியாதையோடு தெரிவித்தார். அடுத்த மாதமும் கேள்வி அதுவே, விடையும் அதுவே. அதற்கடுத்த மாதமும் அவ்வாறே. மாடசாமி அறிவு தெளிந்த பித்தராக அங்கே கத்தரிக்காய் பயிரிட்டுக்கொண்டிருந்தார்.

நான்கு

வீட்டில் இதனைச் சொல்லி வருந்தினேன். என் மகள் சிவகாமி இங்கே கன்னியர்மடப் பள்ளியில் படிக்கிறாள். அவள் கேட்டாள்:

"அப்பா, அந்த ஓராங் கீலா நம்ம ஊர் ஆளா?"

ஓராங் கீலா என்றால் மலாயில் பித்தர். ஒரு வாக்கியத்துள் இரண்டு மொழியைக் கலவாதே என்று முதலில் கண்டித்தேன். கண்டித்தபின் விடை சொன்னேன்: "ஆம், நம் ஊர்ப்பக்கம், களக்காடு."

"களக்காடா? நான் நம்ம ஊர்னு இதைத்தான் சொன்னேன்!" என்று தரையைக் காட்டினாள்.

அவளுக்குப் பொருநை என்பது நான் மாலை வேளைகளில் சொல்லிக்காட்டும் ஒரு சொல். அவளை எக்கப்பலில் ஏற்றி எவ்விடத்துக்கு அனுப்பினாலும் அது அவளுக்குத் திரும்பிப்போதல் ஆகாது. அவளை யாரும் அனுப்பப் போவதில்லை. அவள் ஒரு மொழிபெயர்ப்பாளனின் மகள், அறிவு தெளிந்தவள். அனுப்பப்படுகிறவர்கள் வேறு. இந்நாட்டு விதி தெளிவானது: தேறிய கூலியாளுக்கு இங்கே உறவில்லையாயின், நாகப்பட்டினத்துக்குக் கப்பலேற்றி, தாய்நாட்டு உறவினர் கையில் ஒப்புவிக்க வேண்டும். கருணையுள்ள விதி. பொருளை உடையவரிடம் சேர்ப்பிக்கும் நேர்மை அதிலுண்டு.

விதிப்படி களக்காட்டுக்கு எழுதிக் கேட்டிருந்தார்கள். கிராம முன்சீப்பு வழியாக அண்ணனிடமிருந்து மறுமொழியும் வந்திருந்தது: தம்பியை அனுப்பினால் ஏற்றுக்கொள்வதாகவும், முன்போலவே தெய்வத்தின் திருமுன் விட்டுப் பாதுகாப்பதாகவும்.

சபையில் பெரியவர் சொன்ன அதே சொற்கள்! நம் நாட்டில் மேன்மையான தமிழ் எங்கும் பரவியிருக்கிறது.

"பொய்யா ஒரு கனவைச் சொல்லித்தான் அந்த மனுசனை வெளியில கொண்டாரப்படாதா?" என்றாள் என் மனைவி. "கோர்ட்டுல எத்தனை பொய்யை அச்சுப் பிசகாம மொழிபெயர்க்கிய. ஒண்ணைச் சொந்தமாச் சொன்னா என்ன?"

ஐந்து

அடுத்த மாதம் மாடசாமியைக் கத்தரிப் பாத்தியருகே தனியே கண்டு, பொய் சொல்லத் துணிந்தேன். உறவினர் அருகில் இல்லாவிடத்து, ஊர்க்காரன் கண்ட கனவும் செல்லும் என்று நானே ஒரு விதியையும் இயற்றிக்கொண்டேன். வெளியே வந்தால் அவர் அண்ணன் கைக்கே போவார் என்பதை அப்போது எண்ணிப்பார்க்கவில்லை.

"மாடசாமி, உனக்கு உத்தரவு வந்துவிட்டது. என் கனவில் சாமி வந்தார்."

மண்வெட்டியை நிறுத்திவிட்டு என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

"சாமி என்ன சொன்னாரு?"

"'மாடசாமி இனித் தடையின்றிச் செல்லலாம்' என்றார்."

"இதே மாதிரியேவா சொன்னாரு?"

"ஆம்."

மண்வெட்டிக் காம்பின்மேல் சாய்ந்து, கண்ணில் நீர் வருமளவும் சிரித்தார். "அண்ணாச்சி, எங்க சாமிக்கு இம்புட்டுப் பேச்சு வராது. 'போ லே'ன்னு ஒத்த வார்த்தைதான் சொல்லும். ஒங்க கனவுல வந்தது ஒங்க வாத்தியாரா இருக்கும்."

நான் தலைகுனிந்தேன். அவர் சிரிப்பை அடக்கிக்கொண்டு, சுற்றிலும் பார்த்துவிட்டு என்னருகே வந்தார்.

"உத்தரவு எனக்கு எப்பவோ வந்துட்டு அண்ணாச்சி. நல்லா ஒறங்க ஆரம்பிச்சேன் பாருங்க, அந்தக் கிழமையே வந்துட்டு. நாந்தான் சொல்லல."

"ஏன்?"

"வந்துட்டுன்னு சொன்னா என்ன செய்வாவ? கப்பல்ல ஏத்தி எங்க அண்ணன் கையில குடுப்பாவ. அவன் நேரா மரத்துக்குக் கொண்டுபோயிருவான். இங்கன இருக்கவும் எனக்குப் பிடிக்கலதான். ராப்பகலா ஒரே கூப்பாடு, நாமளும் திரும்பக் கெட்டுப் போவமோன்னு பயமா இருக்கு. வெளிய போவணும். ஆனா அங்கன போவ மாட்டேன்."

பல மாதங்களாக நான் ஒழுக்கம் என்று வாதித்ததும், மருத்துவர் நோய் என்று எழுதியதும், ஒரு மனிதர் தம்மைக் காத்துக்கொள்ளப் பற்றியிருந்த கிளையேயன்றி வேறல்ல. மதிலுக்கும் மரத்துக்கும் நடுவே அவருக்கென்றிருந்தது அந்த ஒரு வாக்கியந்தான். அதனையும் மருத்துவரும் நானும் கூடி ஆராய்ச்சி செய்துகொண்டிருந்தோம்.

"இதை நான் மருத்துவரிடம் சொல்லலாமா?" என்றேன்.

"சொன்னா என்ன ஆவும்?"

"தெரியாது."

மீண்டும் சற்று மண்ணை வெட்டினார். பிறகு, "நான் அங்கன போவ மாட்டேங்கதையும் சேத்துச் சொல்லுவீயன்னா சொல்லுங்க" என்றார்.

ஆறு

மருத்துவரின் அறையில் அனைத்தையும் சொன்னேன். மாடசாமி நாற்காலியில் அமர்ந்திருந்தார், நான் நின்றிருந்தேன். மருத்துவர் பேனாவை மேசைமேல் வைத்தார். பின்னர், "இவ்வளவு திட்டமிட்டுத் தம்மைக் காத்துக்கொள்ளத் தெரிந்தவரைப் பித்தர் என்று நான் இனி எழுதமுடியாது" என்றார்.

மகிழ்ச்சியாயிருந்தது. அடுத்த வாக்கியம் வரும்வரை.

"ஆகவே அடுத்த கப்பலில் இவரை அனுப்ப வேண்டியதுதான்."

மாடசாமிக்கு ஆங்கிலம் தெரியாது. என் முகத்தைப் படிக்கத் தெரியும். நாற்காலியின் கைகளை இறுகப் பற்றிக்கொண்டார்.

வேறு வழியில்லையா என்று நான் கேட்டேன். இம்முறை மருத்துவர் என்னைத் தடுக்கவில்லை. விதியை எடுத்து வரச்சொல்லிப் படித்தார். 'உறவினர் அல்லது நண்பர்' ஒருவர் இவ்வூரிலேயே பொறுப்பேற்றால் விடலாம் என்று அதிலிருந்தது. அவ்விரண்டாம் சொல்லை இதுவரை யாரும் பயன்படுத்தியதில்லை என்றார் எழுத்தர்.

"கூலிக்காரருக்கு ஆர் ஐயா சிநேகிதர்? காகிதத்திலை ஒரு பேர் வேணும். அந்தாள் அடிச்சால், ஓடினால், திரும்பப் பிசகினால், அந்தப் பேருக்குத்தான் கேள்வி வரும்."

என் வீட்டில் ஒரு பெண்குழந்தை இருக்கிறது. மாடசாமி திரும்பக் கலங்கமாட்டார் என்று எந்த மருத்துவரும் சொல்லவில்லை. சபையார் என்ன சொல்லுவார்கள் என்பதும் எனக்குத் தெரியும். இரக்கம் வேண்டும், ஆனால் வீட்டுக்குள்ளா என்பார்கள். களக்காட்டுக் கூலியாள் ஒருவருக்கு நண்பன் என்று நான் எழுதிக்கொடுத்த செய்தி ஆழ்வார்குறிச்சிக்குப் போய்ச் சேர எத்தனை கப்பல் வேண்டும்? ஒன்று போதும்.

எழுத்தர் பேனாவோடு காத்திருந்தார். என் பெயரைச் சொன்னேன். அது என் பெயர்தானா என்பதுபோல் மறுமுறை கேட்டார். மறுமுறையும் சொன்னேன்.

"என்னமோ எழுதுதாவளே, என்ன அண்ணாச்சி?"

"உன்னை என் பொறுப்பில் விடுகிறார்கள். என் வீட்டில் இருக்கலாம்."

மாடசாமி எங்கள் மூவரையும் மாறிமாறிப் பார்த்தார்.

"என்னைக் கேக்கலியே."

நான் மொழிபெயர்த்தேன். மருத்துவர் முகம் சற்றே சிவந்தது. "கேளுங்கள்" என்றார்.

நாவில் வந்த 'உனக்கு' என்ற சொல்லை நிறுத்தி, "உமக்குச் சம்மதமா?" என்றேன்.

மாடசாமி அவசரப்படவில்லை. "எங்கன படுக்கணும்?"

"பின்கட்டில் ஓர் அறை இருக்கிறது. தேங்காயும் விறகும் வைக்கிற அறை. ஒழித்துத் தருகிறேன்."

"தாழ்ப்பாள் உள்ள இருக்கா, வெளிய இருக்கா?"

தேங்காய்க்கும் விறகுக்கும் உட்புறத் தாழ்ப்பாள் தேவைப்பட்டதில்லை. "வெளியே" என்றேன்.

"அப்ப அதை மாத்திட்டு வாங்க. நான் அதுவரைக்கும் இங்கனயே இருந்துக்கிடுதேன்."

"என்ன சொல்லுகிறார்?" என்றார் மருத்துவர். ஓர் எழுத்தும் விடாமல் ஆங்கிலத்தில் சொன்னேன். மருத்துவர் திரும்பித் தம் அறைக்கு அப்பாலிருந்த நீண்ட தாழ்வாரத்தைப் பார்த்தார். அங்கே வரிசையாகக் கதவுகள். ஒவ்வொன்றின் வெளிப்புறத்திலும் நன்றாகத் துலக்கிய பித்தளைத் தாழ்ப்பாள். பார்த்துவிட்டுக் கையெழுத்திட்டார்.

ஏழு

சீனத் தச்சர் ஒருவரை அழைத்துவந்து வெளித்தாழ்ப்பாளைக் கழற்றி, உள்ளே மாட்டச் சொன்னேன். கள்ளர் வெளியிலிருந்துதானே வருவர், இவ்வளவு நாள் ஏன் இப்படி வைத்திருந்தீர்கள் என்று அவர் எனக்குப் பிடிபடாத விரைந்த மலாயில் கேட்டார். சிவகாமிதான் எனக்கு மொழிபெயர்த்தாள்.

மறுநாள் மாடசாமி வந்தார். என் மனைவி முன்கட்டில் சிவகாமியின் கையை விடாமல் பிடித்தவாறே, "வாங்க" என்றாள். மாடசாமி அவர்களைப் பார்த்து ஒரு கும்பிடு போட்டுவிட்டு நேரே பின்கட்டுக்குப் போனார். அறைக்குள் நுழைந்தார். கதவைச் சாத்தினார். தாழ்ப்பாள் விழும் ஓசை கேட்டது. திறக்கும் ஓசை, மறுபடி விழும் ஓசை. நாலைந்து முறை அவ்வாறு கேட்டது. பிறகு ஓசையில்லை.

"உள்ள என்ன செய்தாவ? போய்ப் பாருங்க" என்றாள் மனைவி. அவள் குரலில் அச்சமிருந்தது, எனக்கும் இருந்தது.

சோறு ஆறிக்கொண்டிருந்தது. நான் பின்கட்டுக்குப் போனேன். என் வீட்டில், என் விறகறையின் கதவை விரலால் தட்டிவிட்டு, உள்ளிருந்து விடை வருமட்டும் வெளியே நின்றேன்.